பதினோரு வளைவுப் பாலத்தில் ரயில்

"அசையாதீங்க!"

துவைத்த துணிக்கூடையோடு டிவிக்குக் குறுக்கே வந்த கணவன் ஒரு காலைத் தூக்கியபடி நின்றான்.

"மூச்சையும் பிடிச்சுக்கணுமா?"

"ஒயரு மேல கால் வைக்கப் போறீங்க. அப்படியே பின்னால போங்க."

அவன் பின்னால் போனான். கூடையிலிருந்து தரையில் நீர் சொட்டியது. அவள் திரும்பவில்லை. கன்ட்ரோலரை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு, நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து திரையையே பார்த்தாள். திரையில் பனிமூட்டம். மூட்டத்துக்குள் பதினோரு வளைவுகள் கொண்ட ஒரு கல் பாலம். பாலத்தின் மேல் துருப்பிடித்த தண்டவாளம். கீழே வற்றிப்போன உப்பு ஏரி. ஒரு மணி நேரத்துக்கும் மேலாக அந்தப் பாலத்தின் ஓரத்தில் அவள் நிற்கிறாள். நிற்பது விளையாட்டுக்குள் இருக்கும் அவள்.

அன்று ஞாயிற்றுக்கிழமை. மாலை ஐந்து மணிக்குள் அந்தப் பாலத்தில் ஒரு ரயில் வர வேண்டும். வருவதை அவள் ஸ்கிரீன்ஷாட் எடுக்க வேண்டும். எடுக்காவிட்டால் அந்த விளையாட்டு உலகுக்கு நாத்தனார் வரைந்த வரைபடம் மறுநாள் காலை அச்சுக்குப் போய்விடும். அதில் அந்தத் தடத்தின் மேல் 'ரயில் கிடையாது' என்று இருக்கும். இவள் ரயிலைப் பார்த்ததாகச் சொன்னது பொய் என்று அதற்குப் பொருள்.

பத்தொன்பது வருடங்களாக அவளுக்கு ஸ்கேன் எடுக்கிற வேலை. இருட்டாக்கிய ஒரு சின்ன அறை, குளிர்ந்த களிம்பு, "மூச்சை இழுத்துப் பிடிங்க, இப்ப விடுங்க." ஒரு நாளைக்கு இருபது வயிறு, இருபத்தைந்து வயிறு. பித்தப்பையில் கல், சிறுநீரகத்தில் கல், சில நாள் அதிர்ஷ்டமிருந்தால் கட்டைவிரலைச் சப்பிக்கொண்டிருக்கும் ஒரு சிசு. ஒவ்வொரு படத்தைச் சுற்றியும் எழுத்து மொய்த்திருக்கும். பெயர், வயது, தேதி, மணி, ஆழம், அளவு. படத்தைவிட எழுத்தே அதிகம்.

விளையாட்டுக் கன்சோல் நாத்தனாருடையது. வேலை மாற்றலாகி வேறு ஊருக்குப் போனபோது புதிதாக ஒன்று வாங்கிக்கொண்டு, பழையதை இங்கேயே விட்டுவிட்டுப் போனாள். இரண்டு வருடங்களுக்கு முன் படியில் வழுக்கி இவளுக்குக் கணுக்கால் முறிந்து ஆறு வாரம் படுத்திருந்தபோது, பொழுது போகாமல் அதைப் போட்டுப் பார்த்தாள். சண்டை பிடிக்கவில்லை. எதிரி வந்தால் ஓடினாள். ஆனால் ஒரு மலையுச்சியில் சூரியன் உதிப்பதைப் பார்த்துவிட்டு, தெரியாமல் ஒரு பொத்தானை அமுக்கியபோது, உயிர் எவ்வளவு மிச்சம் என்று காட்டும் கோடு, அம்புக்குறி, மூலையில் இருந்த மணி எல்லாம் மறைந்துபோயின. ஓர் எழுத்து இல்லை. வெறும் மலை. அவள் அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

அதன்பின் அவள் விளையாடியது முழுக்க அதுதான். எல்லாவற்றையும் மறைத்துவிட்டு நடப்பாள், நிற்பாள், படம் எடுப்பாள். மூவாயிரத்துச் சொச்சம் படங்கள். அந்த விளையாட்டை ஆடுகிறவர்களின் குழு ஒன்றில் நாத்தனார்தான் அவளைச் சேர்த்துவிட்டாள். நாற்பது பேர். அங்கே அவள் பெயர் 'சும்மா நிக்கிறவங்க'.

நாத்தனாரின் தொழில் நில அளவை. வேலை நேரத்தில் நிஜ நிலத்தை அளப்பாள், மற்ற நேரத்தில் விளையாட்டு நிலத்தை அளப்பாள். நான்கு வருடங்களாக அந்தத் தீவை அடி அடியாக நடந்து, குழுவுக்காகப் பெரிய வரைபடம் ஒன்றை வரைந்து முடித்திருந்தாள். அதில் ஒரே ஒரு வழக்குதான் பாக்கி. தீவில் தண்டவாளம் உண்டு, நிலையங்கள் உண்டு, நிலையத்தில் பெஞ்சு உண்டு. ரயில் மட்டும் இல்லை. செய்தவர்கள் ரயிலைப் பாதியில் கைவிட்டுவிட்டார்கள் என்று எல்லோரும் முடிவு கட்டியிருந்தார்கள்.

புதன்கிழமை மாலை, பனிமூட்டத்துக்காகப் பாலத்தில் சும்மா நின்றவளுக்கு முன்னால் அந்த ரயில் போனது. ஐந்து பெட்டி. சன்னல்களில் மஞ்சள் விளக்கு. அவள் படம் எடுத்தாள். உடனே குழுவில் போட்டாள். பத்து நிமிடத்தில் நாத்தனாரின் அழைப்பு வந்தது.

"அண்ணி, படம் பிரமாதம். காலண்டர்ல போடலாம். ஆதாரம்னு வைக்க முடியாது."

"ரயில் தெரியுதா இல்லையா?"

"தெரியுது. மணி எங்க? இடத்தோட எண் எங்க? எல்லாத்தையும் தொடச்சு வச்சிருக்கீங்க. எந்தப் பாலம்னுகூட சொல்ல முடியல. வேற விளையாட்டுல இருந்து வெட்டி ஒட்டினதுன்னு பாட்டரி சொல்றான்."

பாட்டரி என்பது குழுவில் எப்போது பார்த்தாலும் விழித்திருக்கும் ஓர் ஆள்.

"நான் வெட்டி ஒட்டுவேனா?"

"ஒட்டவே மாட்டீங்க அண்ணி. உங்களுக்கு ஒட்டத் தெரியாது. அதையேதான் நானும் அவன்கிட்ட சொன்னேன்."

"நீ நம்புறியா?"

"அந்தத் தண்டவாளத்துல நாலு வருஷம் நடந்திருக்கேன். ஒரு தடவையாவது என் மேல ஏறியிருக்கணுமா இல்லையா? சரி, ஒண்ணு கேக்குறேன். பேரு, தேதி இல்லாம ஒரு ஸ்கேன் படத்தை நீட்டினா உங்க டாக்டர் வாங்குவாரா?"

அந்தக் கேள்வி சுருக்கென்று தைத்தது. வாங்க மாட்டார். அவளே கொடுக்க மாட்டாள்.

"ஞாயித்துக்கிழமை அஞ்சு மணி வரைக்கும் வரைபடத்தை மூட மாட்டேன். மணியும் எண்ணும் தெரியற மாதிரி ஒரே ஒரு படம். போதும்."

ஆகவே இன்று அவள் எல்லாக் குறிகளையும் திரையில் ஏற்றி வைத்திருந்தாள். இடது மேல் மூலையில் மணி, அதன் கீழே இடத்தின் எண், வலப்பக்கம் வட்டமான சின்ன வரைபடம், நடுவே போகச்சொல்லி மினுங்கும் அம்பு. முகத்தில் கொசு மொய்ப்பதுபோல் இருந்தது. பனிமூட்டம் வந்தது, கலைந்தது. விளையாட்டில் ஒரு நாள் என்பது வெளியே நாற்பத்தெட்டு நிமிடம். ஒரு நாளைக்கு ஒரு தடவைதான் மூட்டம், அதுவும் பத்து நிமிடம். இரண்டு மூட்டங்கள் வீணாகிவிட்டன.

"வந்துச்சா?" என்றான் கணவன், கொடியில் போடப் போனவன் கூடையோடே திரும்பி வந்து.

"வரல."

"புதன்கிழமை என்ன செஞ்சியோ அதையே செய்யி."

"என்ன செஞ்சேன்? ஒண்ணும் செய்யல. எல்லாத்தையும் மறைச்சுட்டு சும்மா..."

அவள் வாய் திறந்தபடி நின்றது.

இரண்டரை மணிக்கு அடுத்த மூட்டம் இறங்கியதும் பொத்தானை அமுக்கினாள். மணி போனது, எண் போனது, அம்பு போனது. கன்ட்ரோலரை மடியில் வைத்துவிட்டுக் கைகளைக் கட்டிக்கொண்டாள். கணவன் கூடையை இறக்கிவைத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்து தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தான். ஐந்து நிமிடம். ஏழு. ஒன்பதாவது நிமிடம், தண்டவாளத்தில் உட்கார்ந்திருந்த பறவைகள் ஒரே வீச்சில் எழுந்தன. தூரத்தில் கல் அதிர்ந்தது.

"ஏய்! ஏய்!" என்று கத்தினான் கணவன். தபால்காரன். பதினைந்து வருடம் நாய்களுக்குப் பயந்து ஓடியவன், இப்படி ஒரு நாளும் கத்தியதில்லை.

மூட்டத்தைக் கிழித்துக்கொண்டு ரயில் வந்தது. அவள் அவசர அவசரமாகப் பொத்தானை அமுக்கிக் குறிகளைத் திருப்பிக் கொண்டுவந்தாள். மணி வந்தது. எண் வந்தது. ரயிலைக் காணோம். ஈரத்துணியால் பலகையைத் துடைத்தாற்போல. பறவைகள்கூடத் திரும்பி வந்து உட்கார்ந்துவிட்டன.

இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"குறியைப் பாத்தா அதுக்குப் புடிக்கல," என்றாள் அவள். குரல் கீச்சிட்டது. "குறி இருந்தா வராது! அதனாலதான் யாருமே பாக்கல!"

"அப்ப மணி தெரியற மாதிரி எப்படி எடுப்ப? அட்ரஸ் இல்லாத தபால் மாதிரில்ல இருக்கு. உன் நாத்தனாரும் வாங்கிக்க மாட்டா."

"உங்க தங்கச்சின்னு சொல்லுங்க."

"இந்த விஷயத்துல உன் நாத்தனார்தான்."

மூன்று இருபதுக்கு வந்த மூட்டத்தில் ஒரு வித்தை செய்தாள். வலது கட்டைவிரலால் குறிகளை வரவழைத்து, அதே நொடியில் இடது கையால் ஸ்கிரீன்ஷாட் பொத்தான். கணவன் "ஒண்ணு, ரெண்டு" என்று சொன்னான், "மூணு" என்பதற்குள் அமுக்கினாள். படத்தைத் திறந்தார்கள். மணி பளிச்சென்று இருந்தது. எண் இருந்தது. பாலம் காலி.

"ஒரு இமைப்பொழுது பிந்திட்ட."

"முந்தினா மணி இருக்காது."

மிஞ்சியது ஒரே ஒரு மூட்டம், நான்கு மணிக்கு மேல். அதற்கடுத்தது ஐந்தை நெருங்கித்தான் வரும். ரயில் வர மேற்கொண்டு ஒன்பது நிமிடம் பிடிக்கும்.

அவள் எழுந்து அறைக்குள் நடந்தாள். சமையலறைக்குப் போய்த் தண்ணீர் குடித்தாள். குழாயடியில் நின்றபோது வலது கை தன்னால் காற்றில் ஓர் உருண்டையை உருட்டியது. ஸ்கேன் இயந்திரத்தில் நாள் முழுக்க உருட்டுகிற உருண்டை.

கருவிலிருக்கும் பிள்ளை முகத்தைத் திருப்பும்போது சரியாக அந்த நொடியில் படத்தை நிறுத்த யாராலும் முடியாது. புதிதாக வருகிறவர்கள்தான் முயல்வார்கள். முகம் தெரியும், அமுக்குவார்கள், பின்மண்டை படமாகும். பழகியவர்கள் அவசரப்பட மாட்டார்கள். பிள்ளை திரும்பி முடிக்கட்டும் என்று விட்டு, அப்புறம் நிறுத்துவார்கள். கடைசிச் சில விநாடிகளை இயந்திரம் தனக்குள் வைத்திருக்கும். உருண்டையைப் பின்னால் உருட்டினால் முகம் வரும். பத்தொன்பது வருடம் இதைத்தானே செய்கிறாள். வீட்டில் மட்டும் எதற்கு இந்த வீரம்?

"ஏங்க!" என்று கத்திக்கொண்டே ஓடி வந்தாள். "இந்த ஸ்கிரீன்ஷாட் பொத்தானை அமுக்கிப் பிடிச்சா என்ன ஆகும்னு உங்க தங்கச்சி ஒரு தடவை சொன்னாளே!"

"கடைசி ஒரு நிமிஷம் வீடியோவா சேமிக்கும்னு... ஏன்?"

"ஆமா! ஆமா!"

நான்கு மணி ஏழு நிமிடத்துக்கு மூட்டம் இறங்கியது. குறிகளை மறைத்தாள். ஒன்பது நிமிடம் இருவரும் காத்திருந்தார்கள். அடுத்த வீட்டில் யாரோ ஆணி அடித்துக்கொண்டிருந்தார்கள். பறவைகள் எழுந்தன. ரயில் வந்தது. எஞ்சின் நடு வளைவைத் தாண்டும்வரை விட்டு, குறிகளைக் கொண்டுவந்தாள். ரயில் போயிற்று. அவள் வேறெதையும் அமுக்கவில்லை.

"போச்சே! அமுக்கலையே நீ! கையில என்ன, பசையா?"

"இருங்க. பிள்ளை திரும்பட்டும்."

மூன்று எண்ணினாள். பிறகு பொத்தானை அமுக்கிப் பிடித்தாள்.

வீடியோவைத் திறந்து நிறுத்தி, ஒவ்வொரு படமாகப் பின்னால் தள்ளினாள். காலிப் பாலம், மணி. காலிப் பாலம், மணி. காலிப் பாலம். இன்னும் ஒன்று. பாலத்தின் மேல் புகைபோல ஏதோ. இன்னும் ஒன்று பின்னால். விளையாட்டு மணி சற்று மங்கியிருந்தது, ஆனால் ஆறு பன்னிரண்டு என்று வாசிக்க முடிந்தது. இடத்தின் எண் வாசிக்க முடிந்தது. அவற்றுக்குக் கீழே, கண்ணாடிக்கு அப்பால் நிற்பதுபோல், ஐந்து பெட்டிகள். கடைசிச் சன்னலில் தொப்பி போட்ட ஒருவர் கையை உயர்த்தியிருந்தார்.

கணவன் அவள் தோளைப் பிடித்து உலுக்கினான். அவள் சிரித்தாள். சிரிப்பை நிறுத்த முடியவில்லை.

அந்த ஒரு படத்தையும் முழு வீடியோவையும் குழுவில் போட்டபோது மணி நான்கு முப்பத்தொன்று. பாட்டரிகூட எழுதவில்லை. நான்கு முப்பத்தாறுக்குத் தொலைபேசி அடித்தது.

"அண்ணி." நாத்தனாருக்கு மூச்சு வாங்கியது. "அண்ணி, இது எப்படி? அது எப்படி என் கண்ணுல படல?"

"நீ எப்பவாவது எழுத்தையெல்லாம் மறைச்சிருக்கியா?"

"மறைச்சா எப்படி அளக்கிறது?"

"அதான்."

அங்கே நாற்காலி இழுபடும் சத்தம்.

"நான் பாலத்துக்குப் போறேன். நான் என் கண்ணால பாக்கணும். எதை அமுக்கி மறைக்கிறதுன்னு சொல்லுங்க, நான் அதைத் தொட்டதே இல்ல."

"வலது பக்கக் குச்சி இருக்குல்ல, அதுவும் பொத்தான்தான், உள்ள தள்ளு. இன்னும் ஆழமா. போச்சா?"

"போச்சு. ஐயோ, ஒண்ணுமே இல்லாம இருக்கு. எனக்குப் பயமா இருக்கு அண்ணி. நான் எங்க நிக்கிறேன்னு எப்படித் தெரியும்?"

"பாலத்துல நிக்கிற. வேற எங்க?"

"அஞ்சு மணி தாண்டிடும்."

"உன் வரைபடம்தானே. நீ மூடினாத்தான் மூடும்."

கணவன் தொலைபேசியை ஒலிபெருக்கியில் போட்டான். ஐந்தடிக்க ஐந்து நிமிடம் இருக்கும்போது அங்கே மூட்டம் இறங்கியது. "நகராதே" என்றாள் இவள். "குனியாதே. எதையும் அளக்காதே." ஐந்தும் அடித்தது. ஐந்து நான்குக்குத் தொலைபேசியில் பறவைகளின் சிறகடிப்புக் கேட்டது. அப்புறம் நாத்தனார் போட்ட கூச்சலில் கணவன் காதைப் பொத்திக்கொண்டான்.

"அண்ணி! வருது அண்ணி! விளக்கு! அஞ்சு பெட்டி! அண்ணி, நீங்க சொன்னது..."

மீதி கேட்கவில்லை. அவள் நாற்காலியிலிருந்து எழுந்து குதித்ததில் கன்ட்ரோலர் தரையில் விழுந்து உருண்டது.

மறுநாள் திங்கட்கிழமை அவள் எட்டு மணிக்கு வேலைக்குப் போனாள். முதலில் வந்தவருக்குப் பித்தப்பை. பதினொன்றரைக்கு நாத்தனாரின் செய்தி வந்தது. வரைபடம் அச்சுக்குப் போய்விட்டது. தடம் கறுப்புக் கோட்டில் இருக்கிறது, 'ரயில் உண்டு, பனிமூட்டத்தில், குறிகளை மறைத்து ஒன்பது நிமிடம் நிற்க' என்று அடியில் எழுதியிருக்கிறது. குழுவில் ஏழு பேர் ரயிலைப் பார்த்துவிட்டார்கள். பாட்டரிக்கு வரவில்லை. அவர் ஒன்பது நிமிடம் நின்றதாகச் சொன்னதை யாரும் நம்பவில்லை. மதியம் இயந்திரம் ஒரு மணி நேரம் வேலை செய்யவில்லை, ஆள் வந்து சரிசெய்தார். மொத்தம் இருபத்தொரு பேருக்கு ஸ்கேன் எடுத்தாள். ஆறு மணிக்கு வீட்டுக்கு வந்தாள்.