ஆற்றிக் குடித்த டீ

நான் போலீஸ்காரன் என்பது அந்த அறையில் யாருக்கும் தெரியாது. தமிழன் என்பதும் தெரியாது. இரண்டில் எது முதலில் வெளியே வரும் என்று தினமும் யோசிப்பேன்.

மதராசிகளை டெல்லியைவிட்டு விரட்டியே தீருவது என்று கிளம்பிய கும்பல் அது. நகரின் மேற்குக் கோடியில் ஒரு துணிக்கடை மாடியில் கூடுவார்கள். ஜங்புராவில் தமிழர்களின் குடிசைகள் இருக்கும் மதராசி கேம்ப்புக்குத் தீ வைக்கத் திட்டம். எந்த நாள் என்பது தலைவனுக்கு மட்டும்தான் தெரியும். அதைக் கறக்கத்தான் என்னை உள்ளே அனுப்பியிருந்தார்கள். என் அப்பா மத்திய அரசு குமாஸ்தா. நான் பிறந்து வளர்ந்தது கரோல் பாக். தமிழைவிட இந்திதான் எனக்குச் சரளம். என் நிறத்துக்குப் பொருத்தமாக ராஜஸ்தானில் ஒரு கிராமத்தைச் சொல்லி வைத்திருந்தேன்.

மூன்று மாதம் நன்றாகத்தான் போயிற்று. அதுவே எனக்குப் பிடிக்கவில்லை. டீ கொண்டுவருபவன் ஏன் கதவருகே நிற்கிறான், தலைவன் ஏன் என் போனையே பார்க்கிறான் என்று எல்லாவற்றிலும் சந்தேகம். வீட்டில் மனைவி போனில் பேசினால்கூட யார் என்று கேட்க ஆரம்பித்திருந்தேன். வெட்கக்கேடுதான்.

கடைசியில் என்னைக் காட்டிக் கொடுக்கப் பார்த்தது டீ. அன்று கொதிக்கக் கொதிக்க வந்தது. பக்கத்தில் ஒரு காலி கிளாஸ் இருந்தது. அவர்கள் பேச்சில் காது இருக்க, கை தன்பாட்டுக்கு டீயைத் தூக்கி ஊற்றி ஆற்றிக்கொண்டிருந்தது. எங்கள் வீட்டில் எல்லோரும் அப்படித்தான். அங்கே எல்லோரும் ஊதிக் குடிப்பவர்கள். நாலாவது முறை ஆற்றும்போதுதான் அறையில் பேச்சு நின்றுபோனதைக் கவனித்தேன்.

எங்கே கற்றாய் என்று தலைவன் கேட்டான். லாரி ஓட்டிய காலத்தில் மதராஸ் பக்கம் பார்த்தது என்றேன். சிரித்தான். அந்தச் சிரிப்பை நான் நம்பவில்லை.

மறுநாள் காலை என்னை பைக்கில் ஏற்றிக்கொண்டு மதராசி கேம்ப் பக்கம் போனான். சாலையோரம் ஒரு அம்மா இட்லி விற்றுக்கொண்டிருந்தார். உதைத்துத் தள்ளு என்றான், என் முகத்தையே பார்த்தபடி.

உதைத்தேன். குண்டான் உருண்டது. இட்லியெல்லாம் மண்ணில்.

"எங்க வவுத்துல அடிக்கிறியே, நல்லாருப்பியாடா நீ? உன் வூட்டுல அடுப்பே எரியாதுடா," என்று அந்த அம்மா என்னைப் பார்த்துக் கத்தினார்.

என்ன சொல்கிறாள் என்று தலைவன் கேட்டான். உதட்டைப் பிதுக்கினேன். முதுகில் தட்டிக் கொடுத்தான். அன்று மாலையே தீ வைக்கும் நாள் எது என்று சொல்லிவிட்டான்.

கும்பலைக் கூண்டோடு பிடித்தோம். கேம்ப்பில் ஒரு குடிசைக்கும் சேதமில்லை. எல்லாம் முடிந்ததும் அந்த அம்மாவைத் தேடிப் போனேன். யார் நான், ஏன் உதைத்தேன் என்று விளக்கி மன்னிப்புக் கேட்டேன், தமிழில். நல்லதுக்குத்தானே செய்தேன் என்ற தெம்பு எனக்கு இருந்தது. அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"இந்திக்காரன், நம்ம பாஷை புரியாதவன், அவன்கிட்ட என்னத்த நியாயம் கேக்கறதுன்னு மனச தேத்திக்கிட்டேன் சார். எல்லாம் புரிஞ்சுக்கிட்டா நின்னீங்க?"

ஆமாம் என்றேன். ஒரு தட்டு இட்லி கேட்டேன்.

தீர்ந்துபோச்சு என்றார். குண்டானிலிருந்து ஆவி வந்துகொண்டிருந்தது.