ரேப்கா எதையும் தின்னவில்லை

காப்பித்தலீனாவுக்குக் கல்யாணமான நாளிலிருந்து ஒரு கேள்விக்கு மட்டும் பதில் கிடைத்ததில்லை: புருஷன் ரொதியோன் போகிற இடத்தில் என்னதான் வேலை? கேட்டால் கூரையைப் பார்ப்பான். நாய்கள் ராக்கெட்டில் ஏறிப் போவதை மாஸ்கோ பேப்பரெல்லாம் படத்தோடு போட்டாயிற்று. தினமும் கோட்டு முழுக்க நாய் மயிரோடு வருகிறவன் மட்டும் "ஆபீஸ் வேலை" என்பான். கோட்டைத் தட்டிச் சுத்தம் செய்வது அவள்.

அந்த ஜனவரியில் கோட்டுக்குள் ஒரு நாயையே கொண்டுவந்தான். வெள்ளைக் குட்டை நாய், ஒரு காது மடங்கியது. பேர் ரேப்கா.

"ஒரு தடவை மேல போயிட்டு வந்துடுச்சு காப்பா. இதுக்கு மேல தாங்காது. நம்ம வீட்ல ஒட்டிக்கிச்சுன்னா விட்டுடுவாங்க. திங்கக்கிழமை டாக்டர் வந்து பாப்பாரு. மெலிஞ்சிருந்தா திரும்பக் கொண்டுபோய்ப் பெட்டியில ஏத்திடுவாங்க."

"எந்தப் பெட்டியில?"

கூரையைப் பார்த்தான்.

நாலு குடும்பத்துக்கு ஒரே சமையலறை இருக்கிற வீடு அது. ஒருத்தர் வேண்டாமென்றாலும் நாய் கிடையாது. மற்ற இரண்டு குடும்பமும் சரியென்று தலையாட்டின. கடைசி அறை அவ்தோத்யா கார்ப்போவ்னா மட்டும், "பாக்கலாம். என் பாத்திரத்துகிட்ட மூக்கை நீட்டட்டும், அன்னைக்கு இருக்கு" என்றாள்.

மூக்கை நீட்டவாவது செய்ததா? கோதுமைக் கஞ்சி வைத்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டது. முட்டைக்கோஸ் சூப்பை மோந்துகூடப் பார்க்கவில்லை. வரிசையில் கால் மரக்க நின்று வாங்கிவந்த சாசேஜ் அப்படியே காய்ந்தது. மேசைக்கும் சுவருக்கும் நடுவே இடுக்கில் போய், கட்டிப்போட்ட மாதிரி ஆடாமல் உட்கார்ந்துகொண்டது.

"ஏண்டி, என் சமையல் உனக்கு அவ்வளவு மட்டமா? மேல போய் வந்த மகாராணியோ?" என்று திட்டிக்கொண்டே காப்பித்தலீனா அதன் விலா எலும்பைத் தடவிப் பார்த்தாள். விரல் வழுக்கவில்லை, தட்டியது. ரொதியோன் நகத்தைக் கடித்துக்கொண்டு நின்றான்.

ஞாயிறு காலை நடைவழியிலிருந்து அலறல். அவ்தோத்யா பிறந்தநாளுக்கென்று பன்றிக்கால் சாற்றைக் காய்ச்சி, ஜன்னல் குளிரில் ஜெல்லி மாதிரி கட்டியாக உறைய வைத்திருந்தாள். இப்போது அகலச் சட்டி பளபளவென்று காலி. ரேப்கா பக்கத்தில் உட்கார்ந்து மீசையை நக்கிக்கொண்டிருந்தது.

காப்பித்தலீனா நாயைப் பார்க்கவில்லை, புருஷனைப் பார்த்தாள். அவன் முகம் காது வரைக்கும் சிவந்திருந்தது.

"உனக்குத் தெரியும்!"

"காப்பா, மெதுவா..."

"அங்க இதைத்தான் குடுக்கறீங்க! தண்ணியா குடுத்தா மேல போறப்ப சிந்தும்னு கட்டியா குடுக்கறீங்க!"

"நான் எதுவும் சொல்லல."

"அதைத்தான்யா கேக்கறேன்! நான் அடுப்புல வெந்து சாகறேன், ஏன் சொல்லல?"

"அது திங்கறதும் ரகசியம். கையெழுத்துப் போட்டிருக்கேன்."

"பட்டினியில செத்திருந்தா அதையும் ரகசியமா புதைச்சிருப்ப!"

அவ்தோத்யா சட்டியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். தனக்கு ஈரல் கோளாறு என்று அவள் உப்பும் பூண்டும் போடாமல் செய்கிற பதார்த்தம் அது. வருஷா வருஷம் விருந்தாளிகள் தட்டோரம் ஒதுக்கிவிட்டுப் போவார்கள்.

"முழுசையுமா சாப்பிட்டுது?"

"சட்டியோட."

"உப்பில்லாமயா?"

காப்பித்தலீனாவுக்குச் சட்டென்று புரிந்தது. "உப்புப் போட்டிருந்தா தொட்டே இருக்காது, அவ்தோத்யா கார்ப்போவ்னா. நான் போட்டதெல்லாம் கிடக்கு பாருங்க."

அவ்தோத்யா ஏப்ரனை நீவிவிட்டுக்கொண்டாள். "இந்த வீட்டுக்கு இப்பத்தான் நாக்குன்னு ஒண்ணு இருக்கற ஜீவன் வந்திருக்கு. இருந்துட்டுப் போகட்டும். நான் காய்ச்சித் தரேன். கால் வாங்க வரிசையில நீ போய் நில்லு."

திங்கட்கிழமை டாக்டர் வந்தபோது ரேப்கா வயிறு புடைக்கத் தூங்கிக்கொண்டிருந்தது. எழுப்பாமலே போய்விட்டார்.

அன்றிலிருந்து கறிக்கடை வரிசை காப்பித்தலீனாவின் தலையில் விடிந்தது.

"வாராவாரம் பன்னிக்காலா வாங்கறியே, யாருக்கும்மா விருந்து?" என்று பின்னால் நின்றவள் கேட்டாள்.

காப்பித்தலீனா கடையின் கூரையைப் பார்த்தாள்.