ருசி பார்க்க ஆளில்லாத ஞாயிற்றுக்கிழமை

விஸ்கி ஊற்றிய சாஸ் வைப்பதில், வெள்ளைக்காரர் பங்களாக்கள் நிறைந்த தங்லின் வட்டாரத்திலேயே கெட்டிக்காரன் என்று பெயர் வாங்கியவன் நான். அந்தச் சாஸ் என்ன ருசி என்று அப்போது எனக்குத் தெரியாது. நான் ஐந்து வேளை தொழுகிறவன். ஐந்தில் ஒன்றிரண்டு அடுப்படி அவசரத்தில் தவறிப்போகும், அது வேறு விஷயம். ஆனால் அதுவரை குடி சம்பந்தப்பட்ட எதையும் நாக்கில் வைத்ததில்லை.

ஐம்பதுகளின் கடைசி அது. ஒரு வெள்ளைக்காரத் துரை வீட்டில் சமையல்காரனாக இருந்தேன். பங்களாவுக்குப் பின்னால் சமையல்கட்டு. அதை ஒட்டி வேலைக்காரர்களுக்கென்று இரண்டு அறைகள். ஒன்றில் நானும் என் வீட்டுக்காரியும் ஒரு வயது மகளும் இருந்தோம். மற்றதில் தோட்டக்காரரும் அவர் சம்சாரமும் நாலு வயது மகளும். அவரை அந்த வீட்டில் எல்லாரும் மலாயில் கெபுன் என்று கூப்பிடுவார்கள். என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவர் என்பதால் நான் அண்ணே என்பேன். அவர் என்னைப் பாய் என்பார்.

அந்த அறையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அதற்கு முன்னால் நான் மார்க்கெட் ஸ்ட்ரீட்டில் ஒரு கடையின் மாடியில், பதினோரு ஆண்பிள்ளைகளோடு முறை வைத்துப் படுத்துக் கிடந்தேன். நான் எழுந்தால்தான் இன்னொருத்தர் படுக்க முடியும். என் வீட்டுக்காரி தென்காசிப் பக்கம் அவள் வாப்பா வீட்டில் நாலு வருஷம் இருந்தாள். துரை வீட்டில் அறை கொடுத்த பிறகுதான் அவளைக் கப்பலில் வரச்சொல்லி எழுதினேன். மகள் பிறந்தது அந்த அறையில்தான். வேலை போனால் அறை போகும், அறை போனால் அவர்கள் இரண்டு பேரும் மறுபடி கப்பலேற வேண்டியதுதான். இதை நான் தினமும் காலையில் கண் விழித்ததும் ஒருமுறை நினைத்துக்கொள்வேன்.

ரொட்டிப் புட்டிங் எனக்குத் துரையின் மனைவி, நாங்கள் மேம் என்று கூப்பிடுகிறவர், சொல்லிக்கொடுத்தது. அதில் பெரிய வித்தை ஒன்றும் கிடையாது. சைக்கிளில் வரும் ரொட்டிக்காரரிடம் வாங்கிய ரொட்டி இரண்டு நாள் கிடந்து காய வேண்டும். ஓரத்தை வெட்டிவிட்டு, வெண்ணெய் தடவி, தட்டில் அடுக்கி, இடையிடையே உலர்ந்த திராட்சையைத் தூவ வேண்டும். பாலும் முட்டையும் சீனியும் அடித்து ஊற்றி, தேக்கா மார்க்கெட்டில் வாங்கிய ஜாதிக்காயை மேலே சுரண்டிப் போட்டு, அரைமணி நேரம் ஊறவிட்டு ஓவன் அடுப்பில் வைக்க வேண்டும். முதன்முதலில் அதைப் பார்த்த என் வீட்டுக்காரி, "பழைய ரொட்டியப் போயி இவ்வளவு சீராட்டுறாங்களே, இவங்களுக்குப் புது ரொட்டி வாங்க வக்கில்லையா?" என்று கேட்டாள்.

வில்லங்கம் சாஸில்தான். வெண்ணெயும் சீனியும் உருகிக் கொதித்ததும் முட்டை மஞ்சளைக் கலந்து, அடுப்பிலிருந்து இறக்கி விஸ்கி ஊற்ற வேண்டும். எவ்வளவு என்று மேமிடம் கேட்டேன். ருசி பார்த்துப் பார்த்து ஊற்று, போதும் என்று தோன்றும்போது நிறுத்து என்றார். என்னிடம் போய் அதைச் சொன்னார்.

பாட்டிலைத் தொடுவது பிழைப்பு, நாக்கில் வைத்தால்தான் ஹராம் என்று நானே எனக்கு ஒரு தீர்ப்பு சொல்லிக்கொண்டேன். பள்ளிவாசல் லெப்பையிடம் கேட்கவில்லை. கேட்டால் பதில் சொல்லிவிடுவார். ஊற்றி முடித்ததும் சோப்புப் போட்டு மூன்று தரம் கையைக் கழுவுவேன், அவ்வளவுதான்.

ருசி பார்க்க அண்ணன் வந்து சேர்ந்தார். சமையல்கட்டு வாசலில் நின்று உள்ளங்கையை நீட்டுவார். ஒரு கரண்டி நுனியளவு விடுவேன். நக்கிவிட்டு, கண்ணை மூடி, ஆகாயத்தைப் பார்த்துக்கொண்டு நிற்பார். பிறகு, "இன்னும் கொஞ்சம் ஊத்துங்க பாய்" என்பார். ஊற்றுவேன். மறுபடி கை நீளும். "ஊஹும். இன்னும் ஒரு வீச்சு." அவர் தலையாட்டும் வரை நான் ஊற்றியதுதான் அளவு. ஆரம்பத்தில் இரண்டு வீச்சில் தலையாட்டினார். வருஷம் ஒன்று போனதும் ஆறு வீச்சானது. மனுஷனுக்கு நாக்கு மரத்துப்போயிருக்கலாம், அல்லது வேண்டுமென்றே செய்திருக்கலாம். நான் விசாரிக்கவில்லை. விருந்துக்கு வந்த துரை ஒருவர் இரண்டாம் தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, காரை எங்கள் வாசலிலேயே விட்டுவிட்டு நடந்து போனார். அதற்குப் பிறகு என் பெயர் அக்கம்பக்கத்துப் பங்களாக்களில் பரவியது.

இப்படி இருக்கையில் எங்கள் துரைக்குச் சீமைக்குத் திரும்பும்படி உத்தரவு வந்தது. பங்களா கம்பெனியுடையது, அடுத்து வேறொரு துரை குடிவருவார். அவரும் அவர் மேமும் ஞாயிற்றுக்கிழமை பகல் சாப்பாட்டுக்கு வருகிறார்கள், வீட்டையும் பார்ப்பார்கள் என்றார் மேம். "உன் புட்டிங்கைப் பற்றிச் சொல்லி வைத்திருக்கிறேன். பிடித்துவிட்டால் உன்னை வைத்துக்கொள்வார்கள்" என்றும் சொன்னார். பிடிக்காவிட்டால் என்ன என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

அந்த ஞாயிறு, அண்ணன் தைப்பூசத்துக்கு மாலை போட்டு நான்காம் நாள். அவர் மகள் போன மாதம் காய்ச்சலில் விழுந்து, ஆஸ்பத்திரியில் பிழைக்குமா பிழைக்காதா என்று கிடந்து எழுந்தவள். பிழைத்தால் பால் காவடி எடுக்கிறேன் என்று வேண்டியிருந்தார். மூன்று வாரம் விரதம். ஒருவேளைச் சாப்பாடு, வெறுந்தரை, கழுத்தில் மாலை. இதெல்லாம் எனக்குத் தெரியும். அந்தப் பிள்ளைக்கு என் வீட்டுக்காரிதான் கஞ்சி காய்ச்சிக் கொடுத்தாள். ஆனால் மாலைக்கும் சாஸுக்கும் உள்ள சம்பந்தம், ஞாயிறு பகல் சட்டியை இறக்கிவைத்துவிட்டு வாசலைப் பார்க்கும் வரை என் மண்டையில் ஏறவில்லை.

கோழிக்கறியும் சோறும் முன்பக்கம் போய்விட்டன. புட்டிங் ஓவனில் பொங்கி நிற்கிறது. அண்ணன் வாசலில் நின்றார். கையை நீட்டவில்லை.

"அண்ணே, வாங்க."

"பாய், நான் மாலை போட்டிருக்கேன்ல."

"ஒரு வாட்டி அண்ணே. இன்னைக்கு மட்டும்."

"எப்படி பாய்? முடியாது."

"சரி, இதுவரைக்கும் எவ்வளவு ஊத்துவேன்? அதையாவது சொல்லுங்க."

"நான் எங்க பார்த்தேன்? கண்ண மூடிக்கிட்டுல இருப்பேன்."

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். அன்றைக்குப் பயமும் சேர்ந்துகொண்டது. வாய் தடித்துவிட்டது. "ஒரு சொட்டு! ஒரே ஒரு சொட்டு நாக்குல பட்டா உங்க சாமி கோவிச்சுக்கிட்டுப் போயிருவாரா?" என்று கத்தினேன்.

அவர் கோபப்படவில்லை. மாலையைச் சட்டைக்குள் தள்ளிவிட்டுக்கொண்டு, "ஒரு சொட்டுதானே. நீங்க வைங்க பாய்" என்றார்.

நான் கேட்டது இதே காரியத்தைத்தான் என்பது, அவர் திருப்பிச் சொன்ன பிறகுதான் உறைத்தது. முகத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. அவர் மகள் அவருக்கு, என் மகள் எனக்கு. அதில் அவர் கணக்கில் மட்டும் கைவைக்க எனக்கு என்ன உரிமை?

உள்ளே மேம் மணி அடித்தார். புட்டிங் கொண்டுவா என்று அர்த்தம்.

சட்டியில் இரண்டு வீச்சு ஊற்றிக் கலக்கினேன். பிஸ்மி சொல்ல வாயெடுத்து, இதற்கா சொல்வது என்று நிறுத்திக்கொண்டேன். விரலை முக்கி நாக்கில் வைத்தேன்.

வைத்த பிறகுதான் தெரிந்தது, இதில் ஒரு பிரயோஜனமும் இல்லை என்று. சரியான ருசி எது என்று தெரிந்தவன்தானே சரியா தப்பா என்று சொல்ல முடியும்? பாவமும் செய்து, பலனும் இல்லாமல் சட்டிக்கு முன்னால் விரலோடு நின்றேன்.

"எப்படி இருக்கு?" என்றார் அண்ணன்.

"எனக்கென்ன தெரியும்! இனிப்பா இருக்கு, நாறுது."

அவர் கிட்டே வந்து, தரகர் மாட்டைப் பார்ப்பதுபோல் என் முகத்தை மேலும் கீழும் பார்த்தார். "காதுல சூடு ஏறுதா?"

"இல்ல."

"அப்ப பத்தாது. ஊத்துங்க."

ஊற்றினேன். மறுபடி வைத்தேன். தொண்டை லேசாகக் காந்தியது.

"கண்ணு கலங்கலையே. இன்னும் ரெண்டு வீச்சு ஊத்துங்க, பயப்படாதீங்க."

மூன்றாம் தடவை எனக்கு இருமல் வந்தது. கண்ணில் தண்ணீர் கொட்டியது, காது இரண்டும் பற்றி எரிந்தன. அவர் தலையாட்டினார். "இதான். இதான் அளவு. எடுத்துட்டுப் போங்க." நாக்கு என்னுடையது, ருசி அவருடையது. அப்படி ஒரு சமையல் அதற்கு முன்னாலும் நான் செய்ததில்லை, பின்னாலும் செய்ததில்லை.

தட்டை அனுப்பிவிட்டுக் குழாயடிக்குப் போய் வாயைக் கொப்பளித்தேன், அஸ்தஃபிருல்லாஹ் என்று பாவமன்னிப்புக் கேட்டேன், மறுபடி கொப்பளித்தேன். அண்ணன் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். அவர் தோள் குலுங்கியது. சிரிக்கிறார் என்று தெரிந்தது. எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. பிறகு அவர் கொடிகளுக்குத் தண்ணீர் விடப் போனார்.

கொஞ்ச நேரத்தில் புது மேம் சமையல்கட்டுக்கே வந்தார். முகம் சிவந்திருந்தது, வெயிலா சாஸா தெரியவில்லை. அரைகுறை மலாயில், இதுமாதிரி புட்டிங் சாப்பிட்டதே இல்லை, நீ இங்கேயே இரு என்றார். தலை குனிந்து நின்றேன். மனசுக்குள் என் வீட்டுக்காரியையும் மகளையும் அறைக்குள் விட்டுக் கதவைச் சாத்தினேன்.

புது மேம் போகவில்லை. பின்பக்கத்து அறைகளைப் பார்த்துக்கொண்டே நின்றார். அவருடைய பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆமா என்கிற சீன ஆயா ஒருத்தி இருக்கிறாளாம், அவளுக்கு ஓர் அறை வேண்டுமாம். "இந்தத் தோட்டத்துக்கு முழுநேரம் ஆள் வேண்டுமா?" என்று என்னிடம் கேட்டார்.

வேண்டும் என்று சொல்லியிருக்கலாம். புல் மூன்று நாளில் முழங்கால் உயரம் வளரும் என்று சொல்லியிருக்கலாம், அது உண்மையும்கூட. பிள்ளைக்குட்டிக்காரர், காய்ச்சலில் பிழைத்த பெண் என்று சொல்லியிருக்கலாம். ஆனால் புது மேமின் கண் என் அறைப் பக்கம் நகர்ந்துகொண்டிருந்தது.

"வாரத்துக்கு ரெண்டு நாள் வெளியாள் வந்தா போதும், மேம்" என்றேன். நாக்கில் சாஸ் வாசனை இன்னும் போகவில்லை.

இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. வீட்டுக்காரியிடமும் சொல்லவில்லை. தைப்பூசத்தன்று சிராங்கூன் ரோட்டில் நின்று அண்ணனுடைய காவடியைப் பார்த்தேன். கூடவே அவர் மகள் செருப்பில்லாமல், யாரும் தூக்காமல், தன் காலால் நடந்து வந்தாள். அவர் கூட்டத்தில் என்னைக் கண்டுபிடித்து, கண்ணாலேயே மகளைக் காட்டினார். நான் ஒரு குடம் தண்ணீர் வாங்கி அவர் காலில் ஊற்றினேன். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை.

மாதக் கடைசியில் அவருக்குச் சொன்னார்கள். பொத்தோங் பாசிரில் அவர் மைத்துனர் வீட்டுக்குப் போவதாக ஏற்பாடு. என் வீட்டுக்காரி அந்தப் பிள்ளையைக் கட்டிக்கொண்டு அழுதாள். நான் ஒரு முனையும் அண்ணன் ஒரு முனையுமாகக் கட்டிலைத் தூக்கி லாரியில் ஏற்றினோம். கயிற்றைக் கட்டிக்கொண்டே அவர் கேட்டார்.

"பாய், என்னப் பத்தி உங்ககிட்ட ஏதும் கேட்டாங்களா?"

"இல்லண்ணே."

"அதானே. கேட்டிருந்தா நீங்க விட்டுக்கொடுத்திருக்க மாட்டீங்களே" என்றார், முடிச்சை இறுக்கியபடி.

"ஆமாண்ணே" என்றேன்.