கோயில் இல்லாத அம்மனுக்கு மடிப்பிச்சை

செங்கம் ரோட்டில் ஒரு பிரௌசிங் சென்டரில் சில வருஷங்கள் வேலை பார்த்தேன். பத்தாவது வரைதான் படிப்பு. கம்ப்யூட்டரைப் போட்டுக் கொடுப்பது, நேரம் பார்ப்பது, பிரின்ட் எடுப்பது என் வேலை. பக்கத்து ஆசிரமத்துக்கு வருகிற வெளிநாட்டுக்காரர்கள் காலையிலும் சாயங்காலமும் மெயில் பார்க்க வருவார்கள். மத்தியானம் யாரும் இருக்க மாட்டார்கள். அப்போது ஓரத்துக் கம்ப்யூட்டர் எனக்கு.

அதில் யாரோ ஏற்றி வைத்துவிட்டுப் போன ஒரு கார்ட்டூன் படம் இருந்தது. மழையை வயிற்றில் சுமக்கிற ஒரு தெய்வத்தின் கதை. கறுத்த பெண், வேர் மாதிரி விரிந்த முடி, ஒரு கையில் நெருப்பு, இன்னொரு கையில் விதை. படம் எடுத்தவர்களே உண்டாக்கிய தெய்வம். எந்தப் புராணத்திலும் இல்லை. எத்தனை தடவை பார்த்தேனோ தெரியாது. பிறகு அந்தப் படத்தின் ரசிகர்கள் கூடுகிற ஒரு ஃபோரத்தைக் கண்டுபிடித்தேன். பல தேசத்து ஆட்கள். அவளுக்கு அக்கா உண்டா, அவள் நெருப்பு சுடுமா என்று பக்கம் பக்கமாகச் சண்டை போடுவார்கள். டிக்‌ஷனரியை மடியில் வைத்துக்கொண்டு படிப்பேன். எழுத வெட்கம். கல்யாணமானவள் கார்ட்டூன் பார்க்கிறாள் என்று வீட்டில் தெரிந்தால் என்ன சொல்வார்கள் என்ற பயம் வேறு.

ஒரு வருஷம் அவர்களே ஒரு பண்டிகை வைத்தார்கள். எல்லோரும் அவள் படத்துக்கு முன்னால் விளக்கு வைத்து போட்டோ போட வேண்டும். நானும் படத்தைக் கலரில் பிரின்ட் எடுத்து வந்தேன். எங்கள் வீட்டில் விளக்கு வைக்க ஒரே இடம் சாமி அலமாரிதான். அதன் ஓரத்தில் வைத்தேன். போட்டோ போடத்தான் துணிச்சல் வரவில்லை.

சாயங்காலமே அத்தை, என் மாமியார், பார்த்துவிட்டார்.

"இது எந்த ஊரு அம்மன்டி? கண்ணு இவ்ளோ பெருசா கீது?"

கார்ட்டூன் என்று சொல்ல நாக்கு வரவில்லை. "வடக்கத்தி அம்மனுங்க அத்த. கடைக்கு வந்த ஒருத்தர் குடுத்தாங்க."

"இன்னா கதை இவளுக்கு?"

சொன்னேன். அதுதான் நான் செய்த தப்பு. அரிசி களைந்துகொண்டே, கோயில் கதை சொல்கிற மாதிரியே சொன்னேன். பஞ்சத்தில் எல்லோரும் கைவிட்ட பிறகும் அவள் மழையை வயிற்றிலேயே வைத்துக் காப்பாற்றியதை, கீழே விழுந்தும் அது கலையாததை. அத்தையின் கை முறத்தில் அப்படியே நின்றது. என் நாத்தனாருக்கு இரண்டு முறை கலைந்து, மூன்றாவதாக உண்டாகியிருந்த நேரம் அது. சொல்லி முடித்த பிறகுதான் எனக்கு உறைத்தது.

அன்றிலிருந்து அத்தை அவளுக்குத் தினம் பூ வைத்தார். குங்குமம் வைத்து வைத்து பிரின்ட் மை கலங்கியது. நெற்றி எங்கே, முடி எங்கே என்று தெரியவில்லை. நான் வாயைத் திறக்கவில்லை. அது மட்டுமா? ஒருநாள் அவர் கண்ணை மூடி நின்றபோது, வீட்டுக்காரரின் கேமரா போனில் பக்கத்திலிருந்து ஒரு போட்டோ எடுத்து ஃபோரத்தில் போட்டேன். நான் அங்கே போட்ட முதல் பதிவு அது. பதிலுக்கு மேல் பதில் வந்தது. 'நிஜமாகவே கும்பிடுகிறார்கள்!' என்று எழுதியிருந்தார்கள். இரண்டு நாள் மனசு மிதந்தது.

ஆடியில் ஒரு வெள்ளிக்கிழமை வேலை முடிந்து வருகிறேன். அத்தை மஞ்சள் புடவையில் வாசலில் நிற்கிறார். முந்தானை கனமாகத் தொங்குகிறது. மடிப்பிச்சை எடுத்துவிட்டு வந்திருந்தார். வேண்டிக்கொண்டவர்கள் வீடு வீடாகப் போய் மடியேந்தி அரிசி வாங்கி, அந்த அம்மனுக்கே பொங்கல் வைப்பார்கள். அந்த அரிசி வீட்டு உலைக்குப் போகக் கூடாது. ஒரு கடனுக்கும் ஒருவர் வாசலில் நிற்காத அத்தை, பேச்சு வார்த்தை இல்லாத எதிர்வீட்டிலும் போய் நின்றிருக்கிறார்.

"அஞ்சாம் மாசம் தாண்டிட்டா. வேண்டிகினேன், முடிக்கணும். கோயிலு எங்க கீதுன்னு கேட்டு சொல்லு. எந்த பஸ்ஸுனாலும் போயாறலாம்."

"கோயில் இல்லீங்க அத்த."

"இடிஞ்சி போச்சா?"

"அப்படி ஒரு அம்மனே இல்லீங்க. அது சினிமா. கார்ட்டூன் படம்."

அவர் திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டவில்லை. முந்தானையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"அப்ப இத்தினி நாளா நான் சொன்னதெல்லாம் யாரு கேட்டாங்க?"

அரிசி சிந்தாமல் வாசற்படி ஏறினார்.

"பொண்ணுகிட்ட சொல்லிடாத," என்றார். "அம்மா பாத்துக்கும்னு தகிரியமா கீறா."

தெருமுனை மாரியம்மன் கோயிலில் பொங்கல் வைத்தோம். அடுப்புக்குக் கல் கூட்டப் போனேன். "நீ விடு" என்று அவரே கூட்டினார். வெல்லத்தையும் என் கையிலிருந்து வாங்கவில்லை. பொங்கல் வாங்க வந்த எதிர்வீட்டு அம்மா கேட்டார்: "வடக்கத்தி அம்மனுக்குன்னீங்க, இங்கயே வச்சிட்டீங்க?"

"அந்தக் கோயிலு ரொம்ப தூரமாங்க," என்றார் அத்தை. "மலை மேல கீதாம். இந்த மூட்டு வலிய வச்சிகினு எங்க ஏறுறது? இங்கயே வச்சாலும் ஏத்துக்குவாளாம்."

பொய் சொல்லி அவரை நான் பார்த்ததில்லை. பொங்கலை இலையில் வைத்துக்கொண்டே சொன்னார், என் பக்கம் திரும்பாமல். எனக்காகச் சொன்னாரா, மகளுக்காகவா, தனக்காகவா தெரியவில்லை. யாருக்கானாலும் அந்தப் பொய்யை அவர் வாயில் வைத்தது நான்.

மறுநாள் கடையைத் திறந்ததும் முதல் வேலையாக அந்த போட்டோவை ஃபோரத்திலிருந்து நீக்கினேன். ஆனால் அதற்குள் வேறு யார் யாரோ எடுத்துத் தங்கள் பக்கங்களில் போட்டிருந்தார்கள். எடுத்துவிடச் சொல்லி எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் எழுதினேன். சிலர் எடுத்தார்கள். ஒருவர், இவ்வளவு அழகான படத்தை ஏன் எடுக்க வேண்டும் என்று கேட்டார். இது என் அத்தை, இவருக்கு இது தெரியாது என்று மட்டும் எழுதிவிட்டு வெளியே வந்தேன். திரும்ப அந்தப் பக்கம் போகவில்லை.

மார்கழியில் நாத்தனாருக்குப் பெண் குழந்தை பிறந்தது, நல்லபடியாக. ஆஸ்பத்திரியில் அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "அண்ணி, அந்தம்மாவுக்கு நானே போய் மொட்டை போடணும், கூட்டினு போங்க" என்றாள். நான் அத்தையைப் பார்த்தேன். அவர் குழந்தையின் துணியை மடித்துக்கொண்டிருந்தார். மடித்ததையே பிரித்து மறுபடி மடித்தார்.

"பாக்கலாம்மா," என்றேன் நான்.