ஜீப்பில் கேட்ட கதைக்கு ஓர் அர்ச்சனை

படித்தவர்கள் சிரிப்பார்களோ என்று பல வருடம் இதை எழுதாமலே இருந்தேன்.

ஏலக்காய் பறிக்கப் போடிமெட்டுக்கு நாங்கள் போகும் ஜீப்பில் ஒரு டீச்சர் வருவார். ஒல்லி உடம்பு, பெரிய கண்ணாடி. எங்களுக்குத் தலை சுற்றும் வளைவுகளிலும் சிறுவர் கதைப் புத்தகத்தைச் சத்தமாக வாசித்துக்கொண்டே வருவார்.

கப்பலேறிப் புதுத் தேசம் போன ஒரு யூதக் குடும்பத்தின் கதை அது. துறைமுகத்தில் அவர்களுடைய சின்ன மகளைக் கண்நோய் என்று தனியே நிறுத்திவிட்டார்கள். திருப்பி அனுப்பிவிடுவார்களோ என்று நாங்கள் பதறும்போது டீச்சர் இறங்கும் இடம் வந்துவிட்டது.

"டீச்சர், அந்தப் புள்ளைக்கு என்ன நட்சத்திரம்?" என்று கேட்டேன்.

"எதுக்குக்கா?"

"இன்னைக்கு வெள்ளிக்கெழமை. கோயில்ல அர்ச்சனை பண்ணணும்."

"ஏ ஆத்தா, அவுக வேற சாமி கும்பிடுறவுக!" என்றாள் பக்கத்திலிருந்தவள்.

"வெள்ளிக்கெழம வெளக்கேத்துறவுகன்னு டீச்சர் வாசிச்சாகள்ல?"

டீச்சர் சிரிக்கவில்லை. "நட்சத்திரம் தெரியலக்கா. சாமி பேருக்கே பண்ணிருங்க."

திங்கட்கிழமை டீச்சர், நான் கொடுத்த திருநீற்றைப் பூசிக்கொண்டு, புத்தகத்தைத் திறப்பதற்கு முன்பே, "புள்ளைய உள்ள விட்டுட்டாங்கக்கா" என்றார். ஜீப்பே கைதட்டியது.

புத்தகத்திலும் அப்படித்தான் இருந்ததா என்று கேட்க எனக்கு இன்னும் துணிச்சல் வரவில்லை. இதை நாலு பேருக்குச் சொல்லுங்கள். என் அர்ச்சனையால்தான் அவள் தப்பினாள் என்று மட்டும் சேர்த்துவிடாதீர்கள்.