காலி ரூமில் எடுத்த டேக்

எனக்குப் பேய் பிசாசுல நம்பிக்கை கிடையாதுங்க, இப்பவும் கிடையாது. ஸ்டுடியோவுல ஏதோ முனகுதுன்னு யாராவது வந்து நின்னா, எந்த ஒயர் லூஸ்னு ரெண்டு நிமிஷத்துல கண்டுபிடிச்சுக் காட்டற ஆளு நான். என் காதை ஏமாத்த முடியாது. தற்பெருமையாவே சொல்றேன், பெங்களூர்ல இந்த மாதிரி காது இன்னொருத்தனுக்கு இருந்தா கூட்டிட்டு வாங்க.

ரெண்டாயிரம் வாக்குல ஜப்பான் கார்ட்டூனைத் தமிழ்ல டப் பண்ற வேலை எங்களுக்கு வந்துச்சு. மியூசிக், காலடிச் சத்தம், கதவு சாத்தற சத்தமெல்லாம் அங்கேருந்தே தனியா வந்துடும், பேச்சு மட்டும் நாங்க போடணும். அதுல வர்ற பொடியனுக்குக் குரல் குடுத்தது ஸ்டெல்லா. அல்சூர்க்காரி, சர்ச்சுல பாடறவ, கல்யாணம் ஆனவ, ஆனா மைக் முன்னாடி நின்னா அசல் வாண்டுப் பய. ஒவ்வொரு டேக் முடிஞ்சதும் "ஓகேவாண்ணா?"ன்னு கேப்பா. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நான் பட்டனை அழுத்தி "ஓகேம்மா"ன்னு சொன்னாத்தான் நகருவா. வம்புக்குன்னே நான் பேசாம இருப்பேன், அவளும் அசையாம அப்படியே நிப்பா, பிடிவாதக்காரி.

கடைசி எபிசோடு வந்தப்ப அவ குரல் உடைய ஆரம்பிச்சிடுச்சு. தொண்டையில கட்டி, ஆபரேஷன் பண்ணியே ஆகணும், பழைய குரல் திரும்புமான்னு உறுதி சொல்ல முடியாதுன்னுட்டார் டாக்டர். அவ எல்லாத்தையும் முடிச்சுட்டா, ஒரே ஒரு வசனம் தவிர. தொலைஞ்சுபோன நாயைப் பாத்து அந்தப் பையன் மேட்டுலேருந்து கத்தணும், "வாடா, வீட்டுக்குப் போலாம்!" எத்தனை தடவை எடுத்தும் பாதியில பிசிறடிச்சுச்சு. அழுதுட்டா பாவம். "வேற யாரையும் வெச்சுப் போட்டுடாதீங்கண்ணா, நானே வந்து முடிக்கறேன்"னா. எனக்கும் மனசு கஷ்டமாப் போச்சு, சரின்னுட்டேன். எங்க மேனேஜர் கன்னடக்காரர், அவர் தினமும் "ஆயித்தா, முடிஞ்சுதா"ன்னு உயிரை எடுத்தாரு, நான் அசைஞ்சு குடுக்கல.

ஆபரேஷன் அன்னைக்குக் காலையில ரூம் டோன் எடுத்தேன். ஒண்ணுமில்ல, காலி ரூமோட அமைதியை அப்படியே பதிவு பண்றது, வசனங்களுக்கு நடுவுல ஓட்டை தெரியாம இருக்க அதை அடியில ஓட விடுவோம். மைக் ரூமைப் பூட்டிட்டு ரெக்கார்டிங்கை ஓட விட்டா, ஆபீஸ்ல போன். ஸ்டெல்லாவோட வீட்டுக்காரர். இப்பத்தான் ஆபரேஷன் தியேட்டருக்குள்ள கூட்டிட்டுப் போனாங்கன்னாரு. ஒண்ணும் ஆகாதுன்னு தைரியம் சொல்லிட்டு வந்து, ரெக்கார்டிங்கை நிறுத்திட்டு, வழக்கம்போலப் போட்டுக் கேட்டேன்.

நம்பினா நம்புங்க, நம்பாட்டிப் போங்க. கொஞ்ச நேரம் அமைதி, அப்புறம் ஒரு மூச்சு இழுக்கற சத்தம், அப்புறம் "வாடா, வீட்டுக்குப் போலாம்!" பிசிறே இல்ல, கணீர்னு. பழைய டேக்கா இருக்குமோன்னு எல்லாத்தையும் தோண்டிப் பாத்துட்டேன், எல்லாமே உடைஞ்ச டேக்குங்க. அதைப் படத்து மேல வெச்சுப் பாத்தா, அந்தப் பையன் வாயசைப்புக்கு அச்சாப் பொருந்துது.

வசனத்துக்கு அப்புறம் "ஓகேவாண்ணா?" அதுக்கப்புறம் நான் வந்து நிறுத்தற வரைக்கும் வெறும் மூச்சு மட்டும், மெதுவா, ஒரே சீரா.

அந்த வசனத்தைத்தான் படத்துல வெச்சேன். எப்போ எடுத்தேன்னு மேனேஜர் கேட்டதுக்கு, அவ ஆஸ்பத்திரிக்குப் போறதுக்கு முன்னாடியேன்னு சொல்லிட்டேன். வேற யார்கிட்டயும் மூச்சு விடல, என் பொண்டாட்டிகிட்டகூட.

ஸ்டெல்லா பேச ஆரம்பிச்சுட்டான்னு தெரிஞ்சதும் சாத்துக்குடி வாங்கிட்டு அல்சூருக்குப் போனேன். உயிருக்கு ஒண்ணுமில்ல, நல்லாத்தான் இருந்தா. ஆனா குரல் போயிடுச்சு, கரகரன்னு யாரோ மாதிரி இருந்துச்சு. நான் உக்காரக்கூட இல்ல, என்னையே பாத்தா.

"ஏண்ணா, ஓகேவான்னு கேட்டேனே," அந்தப் புதுக் குரல்ல சொன்னா. "எவ்வளவு நேரம் நின்னேன் தெரியுமா? நீங்க சொல்லவே இல்லியே."

சாத்துக்குடிப் பையைக் கீழ வெச்சேன். "ஓகேம்மா"ன்னேன். தலையை ஆட்டிட்டு, கண்ணை மூடிக்கிட்டா.

இப்பவும் எனக்குப் பேய் பிசாசுல நம்பிக்கை கிடையாது. ஆனா ரூம் டோன் எடுத்தா, நிறுத்தறதுக்கு முன்னாடி பட்டனை அழுத்தி, அந்தக் காலி ரூமைப் பாத்து "ஓகேம்மா"ன்னு சொல்லிட்டுத்தான் நிறுத்துவேன்.