சுருள் இல்லாத கேமரா

பிலிமை மிச்சப்படுத்த ஒளிப்பதிவாளர்களான எங்களிடம் ஒரு தந்திரம் இருந்தது. தங்களையும் படமெடுக்கச் சொல்லி ஊர்க்காரர்கள் கேட்டால், சுருள் இல்லாத கேமராவை ஓடவிடுவோம். அந்தச் சத்தத்திலேயே திருப்தியாகிவிடுவார்கள்.

எழுபதுகளின் கடைசியில், நண்பர்கள் சேர்ந்து எடுத்த சின்னப் படத்துக்காக உத்தமபாளையம் பக்கம் போயிருந்தோம். வயலில் இடம் கொடுத்த விவசாயி தன் மனைவியை அழைத்து வந்தார்.

"இவளையும் ஒருக்கா புடிங்க சார். அடியே, சிரி! மெட்ராஸ்காரனெல்லாம் பாக்கப் போறான்."

அந்த அம்மாள் வரப்பில் நின்று, முந்தானையைச் சரிசெய்துகொண்டு சிரித்தார். வெறும் கேமராவை ஓட்டினேன்.

படம் அங்கே வெளியானபோது மேட்னி பார்க்கத் தனியாகப் போனேன். இடைவேளையில் அந்த விவசாயி ஓடிவந்தார்.

"மூணு நாளா பாக்குறேன் சார், அவளக் காணோம். தை மாசம் செத்துப் போனா. வீட்ல ஒரு போட்டோகூட இல்ல. நீங்கதான புடிச்சீக?"

"எடிட்டிங்ல வெட்டிட்டாங்க" என்றேன்.

"வெட்டுன துண்டு எங்கன கெடக்கும் சார்?"

"தேடிப் பாக்கிறேன்."

பிறகு அந்தப் பக்கம் நான் போகவேயில்லை. கேமரா வழியாக அந்தச் சிரிப்பைப் பார்த்தவன் நான் ஒருவன்தான். இன்றும் அது தெளிவாக நினைவிருக்கிறது. அவரிடம் கொடுக்கத்தான் வழியில்லை.